குழாயடிச் சண்டை காப்பாற்றிய ரேஷன் கடை

எங்கள் மகளிர் குழு நடத்தும் ரேஷன் கடையின் உரிமம் என் பெயரில் இருக்கிறது. உரிமம் பெற்றவர் அதே ஊரில் குடியிருக்க வேண்டும். பிளஸ் டூ படிக்கும் மகளைத் திண்டிவனத்தில் வாடகை அறையில் என் கணவரோடு தங்கவைத்தேன். கடை விடுமுறை நாட்களில் நானும் யாருக்கும் சொல்லாமல் அங்கே போய்வந்தேன். நான் வெளியூரில் குடியிருப்பதாக யாரோ மனு போட்டுவிட்டார்கள்.

விழுப்புரத்திலிருந்து கடைக்கு வந்த அதிகாரி, "வெளியூர்ல குடியிருந்தா லைசென்ஸ் ரத்தாயிடும்மா" என்றார்.

வரிசையில் நின்ற பக்கத்து வீட்டு செல்வி, "தெனம் காலையில குழாயடியில என்னோட மல்லுக்கட்டிக்கினு நிக்கிறது இந்தம்மாதான் சார். ஊர்ல இல்லன்னா நான் நிம்மதியா தண்ணி புடிச்சிருப்பனே" என்றாள். அதிகாரி சிரித்தபடி, அதையே வாக்குமூலமாக எழுதிக்கொண்டார்.

மகளைப் பார்க்க இப்போதும் போகிறேன். கடை வாசலில் நின்று எல்லோருக்கும் கேட்கும்படி சொல்லிவிட்டுத்தான் பஸ் ஏறுகிறேன். மனு போட்டவரும் கேட்டுக்கொள்ளட்டும்.