மேஜைக்கு வந்த மூத்தாள்

மைசூரில் தெருவிளக்குகள் மின்சாரத்தில் எரியத் தொடங்கி நான்கைந்து வருஷம் ஆகியிருந்த சமயத்தில்தான், படித்த மனிதர்கள் சிலருக்கு இருட்டின் மேல் ஆசை வந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம், ஊரெல்லாம் விளக்கேற்றும் நேரமாகப் பார்த்து, பராசரன் வீட்டுக் கூடத்தில் மட்டும் விளக்கை அணைப்பார்கள். ஆபீசிலிருந்து நேராக வந்த நாலைந்து பேர் ஒரு வட்ட மேஜையைச் சுற்றி உட்கார்ந்து, தலைப்பாகையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, செத்தவர்களுக்காகக் காத்திருப்பார்கள். சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு ஜயம்மா அவர்களுக்குக் காப்பி கலப்பாள். ஒரு கீற்று வெளிச்சம் கூடத்தில் விழுந்தாலும் ஆவி திரும்பிப் போய்விடும் என்று அவளுக்குச் சொல்லியிருந்தார்கள். காப்பி மணத்துக்கு மட்டும் எந்த ஆவியும் திரும்பிப் போனதில்லை.

ஜயம்மா மேலுகோட்டைப் பெண். அவள் அப்பா கோயில் மடப்பள்ளியில் தளிகை பண்ணுகிறவர். இரண்டாம் வகுப்போடு அவளுடைய படிப்பு நின்றது. பதினாலு வயதில் பராசரனுக்கு இரண்டாந்தாரமாக வாழ்க்கைப்பட்டு மைசூருக்கு வந்தாள். மூத்தாள் கமலம்மாள் காய்ச்சலில் போய் ஒரு வருஷம் ஆகியிருந்தது. அவள் விட்டுப்போன பெண் ஸரஸாவுக்கு அப்போது மூன்று வயது. குழந்தை முதல் நாளே ஜயம்மாவின் புடவைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டாள், அப்புறம் விடவில்லை. ஜயம்மாவுக்குத் தனக்கென்று குழந்தை பிறக்கவில்லை. அவள் அதிகம் பேசமாட்டாள். நாலு பேர் இருக்கும் இடத்தில் அவளுக்கு நாக்கு எழும்பாது. பேசாதவளுக்கு ஒன்றும் தெரியாது என்று அந்த வீட்டுக்கு வந்துபோன எல்லாரும் முடிவு கட்டியிருந்தார்கள். அதனால் அவள் எதிரிலேயே எல்லாவற்றையும் பேசினார்கள்.

பராசரன் சர்க்கார் கச்சேரி ஒன்றில் தலைமைக் குமாஸ்தா. ஒருகாலத்தில் அவரைப் போலப் பகுத்தறிவு பேசினவர் அந்தத் தெருவில் கிடையாது. வீட்டு வேலைக்காரி நஞ்சம்மா கொள்ளேகாலத்துக்கு அந்தப்பக்கம் ராமாபுரத்துக்காரி. தன் மகனுக்கு ஜுரம் வந்தபோது ஊர்ப் பூசாரி மந்திரித்துக் கொடுத்த தாயத்தை அவள் பையன் கழுத்தில் கட்டியிருந்தாள். பராசரன் அதை அறுத்துத் தெருவில் எறிந்தார். இந்த மூடத்தனத்தால்தான் தேசம் உருப்படாமல் கிடக்கிறது என்று அரைமணி நேரம் பேசினார். நஞ்சம்மா வாயைத் திறக்காமல் கேட்டுக்கொண்டு, சாயங்காலம் வேறொரு தாயத்து வாங்கிக் கட்டினாள்.

பிறகு ஒருநாள் கடல் கடந்து வந்த ஒரு சீமாட்டி டவுன் ஹாலில் பிரசங்கம் செய்தாள். உங்கள் ரிஷிகளுக்குத் தெரியாதது ஒன்றுமில்லை, ஆவியுலகம் உண்மை, அதை மேல்நாட்டுப் பண்டிதர்களே ஒப்புக்கொண்டுவிட்டார்கள் என்று அவள் சொன்னாளாம். இதையே தமிழிலும் கன்னடத்திலும் ஆயிரம் பூசாரிகள் சொல்லியிருக்கிறார்கள். அவர்களைக் கண்டால் பராசரன் காத தூரம் ஓடுவார். ஆனால் வெள்ளைக்காரி ஆங்கிலத்தில் சொன்னதும் அவருக்கு மயிர்க்கூச்செறிந்துவிட்டது. அமெரிக்காவிலிருந்து புத்தகங்கள் வந்தன. மனிதனைச் சுற்றி ஏழு நிறத்தில் ஒளிவட்டம் இருக்கிறது என்றார். டம்ளர் தண்ணீர் மேல் விரல்களை அசைத்து அதில் சக்தியை ஏற்றிக் கொடுத்து ஸரஸாவின் தலைவலியைப் போக்கப் பார்த்தார். தலைவலி போகவில்லை. உனக்கு நம்பிக்கை போதாது என்று குழந்தையைக் கடிந்துகொண்டார். பூசாரியும் இதே வார்த்தையைத்தான் சொல்வான் என்று ஜயம்மா நினைத்துக்கொண்டாள்.

இதையெல்லாம் சபையாகக் கூட்டினவர் வக்கீல் சம்பத்குமார ஐயங்கார். வயது நாற்பத்தைந்து. இரண்டு மனைவிகளைப் பறிகொடுத்தவர். இரண்டு பேரும் ஆவியாக வந்து அவரோடு பேசியதாக மட்டும் ஒருநாளும் கேள்வி இல்லை. உயிரோடிருந்தபோது பேசியதே போதும் என்று அவர்கள் நினைத்திருக்கலாம். அவர்தான் பம்பாயிலிருந்து பிளான்செட் என்ற பலகையை வரவழைத்தார். வெற்றிலை வடிவத்தில் உள்ளங்கை அகலப் பலகை. அடியில் இரண்டு சின்னச் சக்கரங்கள், நுனியில் ஒரு பென்சில். இரண்டு பேர் அதன் மேல் விரல் வைத்துக்கொண்டால் ஆவி வந்து பலகையை நகர்த்திக் காகிதத்தில் எழுதும். விரல் வைக்கிற இரண்டு பேரில் ஒருவர் எப்போதும் வக்கீல்தான்.

முதல் மாதம் யார் யாரோ வந்தார்கள். ஒரு ரிஷி வந்தார், ஒரு கிரேக்க தேசத்து ஞானி வந்தார். இரண்டாம் மாதம் கமலம்மாள் வந்தாள். வந்து ஆங்கிலத்தில் எழுதினாள்.

அ, ஆ கூட எழுதத் தெரியாமல் போனவள் கமலம்மாள். பால்காரன் கணக்குக்குச் சுவரில் கரிக்கோடு போட்டுக்கொண்டிருந்தவள். அவள் செத்துப் பத்து வருஷத்துக்குள் வக்கீல் நோட்டீஸ் பாணியில் இலக்கணப் பிழையில்லாமல் ஆங்கிலம் எழுதினாள். யாரோ ஒருவருக்கு அது உறுத்தியிருக்க வேண்டும், கேட்டார். மேல் உலகத்தில் பாஷை பேதம் கிடையாது என்று வக்கீல் விளக்கினார். எல்லாரும் தலையாட்டினார்கள். பேதம் இல்லையென்றால் தமிழில் எழுதினால் என்ன என்று கேட்க ஒருவருக்கும் தோன்றவில்லை. பராசரன் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். உயிரோடிருந்தபோது அவளோடு இத்தனை வார்த்தை அவர் பேசியதில்லை.

அன்றிலிருந்து அந்த வீட்டுக்கு இரண்டு எஜமானிகள். கமலம்மாள் சொன்னாள் என்று பூஜை அலமாரி கிழக்குச் சுவரிலிருந்து வடக்குச் சுவருக்குப் போனது. கமலம்மாள் சொன்னாள் என்று ஜயம்மாவின் அரக்குப் பட்டு பெட்டிக்குள் போனது. ஜயம்மா எதற்கும் எதிர்வார்த்தை சொல்லவில்லை. அலமாரி எந்தச் சுவரில் இருந்தால் என்ன. நஞ்சம்மாதான் பாத்திரம் தேய்த்துக்கொண்டே சொன்னாள்:

"ஏனுங்கம்மா, எங்கூருல பேய் பேசோணும்னா பூசாரி கோழி கேப்பானுங்க. இவுங்க காப்பியோட விட்டுர்றாங்களே, அந்த மட்டுக்கும் நல்லவிங்கதான்."

ஜயம்மா சிரித்துவிட்டுக் கதவைப் பார்த்தாள். அவளுக்குச் சிரிப்பு நின்றது ஆவணி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில். அன்றைக்கு விளக்கு ஏற்றியதும் பராசரன் ஈரக் கண்ணோடு உள்ளே வந்து, கமலா பெண்ணின் கல்யாணத்தைப் பற்றிச் சொல்லிவிட்டாள் என்றார். என் குழந்தையை ஞானமுள்ள ஒருவர் கையில் பிடித்துக் கொடுங்கள், அவர் இந்த மேஜையிலேயே இருக்கிறார் என்று எழுதியிருந்தாளாம். மேஜையில் கல்யாணத்துக்கு நின்றவர் வக்கீல் ஒருவர்தான். அவர் முதலில் மறுத்தாராம். ஒரு தாயின் கட்டளை என்றதால் தலைவணங்கினாராம்.

ஸரஸாவுக்கு அப்போது பன்னிரண்டு முடியவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் போய்க்கொண்டிருந்தாள். பாண்டி விளையாடும்போது பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொள்ளக் கூடாது என்று அப்போதுதான் ஜயம்மா அவளுக்குச் சொல்ல ஆரம்பித்திருந்தாள்.

ஜயம்மா அன்று சாப்பிடவில்லை. வேண்டாம் என்று சொல்ல அவளுக்கு வாய் இல்லை என்பது மட்டுமல்ல. வாய் இருந்தாலும் அந்த வாய்க்கு மதிப்பில்லை. பெற்ற தாய் மேலுலகத்திலிருந்து இறங்கிவந்து நல்ல இடம் காட்டுகிறாள், மாற்றாந்தாய் குறுக்கே நிற்கிறாள் என்றுதான் ஊர் பேசும். உயிரோடிருக்கும் மாமியாரோடு சண்டை போடலாம். செத்துப்போன மூத்தாளோடு, அதுவும் ஆங்கிலம் எழுதுகிற மூத்தாளோடு, எப்படிப் போடுவது. ஒருதரம் மட்டும், இரண்டு வருஷம் பொறுக்கலாமே என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். அடுத்த வெள்ளிக்கிழமை கமலம்மாள், இந்த வீட்டில் என் குழந்தை மேல் பொறாமைப்படுகிறவர்கள் இருக்கிறார்கள் என்று எழுதினாள். பராசரன் அந்த வரியை மொழிபெயர்த்துச் சொல்லிவிட்டு, மூன்று நாள் அவளிடம் பேசவில்லை.

புரட்டாசியில் வக்கீலின் தாயார் யதுகிரியம்மா பெண்ணைப் பார்க்க மேலுகோட்டையிலிருந்து வந்தாள். அறுபத்தைந்து வயது. கட்டுமஸ்தான உடம்பு, அதட்டலான குரல், மடி ஆசாரத்தில் கத்தி மாதிரி. பிள்ளை வெள்ளிக்கிழமைதோறும் எங்கோ கீதை வகுப்புக்குப் போகிறான் என்று நம்பிக்கொண்டிருந்தவள். வக்கீல் தன் தாயாரிடம் மேஜையைப் பற்றியோ பலகையைப் பற்றியோ மூச்சு விட்டதில்லை. உலகத்துக்கெல்லாம் அறிவிக்க வேண்டிய மகத்தான உண்மையை அம்மாவுக்கு மட்டும் மறைத்துவைத்திருந்தார்.

யதுகிரியம்மா கூடத்தில் உட்கார்ந்து ஸரஸாவைப் பாடச் சொன்னாள், கேட்டாள். நடக்கச் சொன்னாள், பார்த்தாள். பராசரன் கச்சேரிக்குப் போயிருந்தார். குழந்தை உள்ளே போனதும் கிழவி தீர்த்தம் கேட்டு வாங்கிக் குடித்துவிட்டு ஜயம்மாவை எதிரே உட்காரச் சொன்னாள்.

"பெண் லட்சணமாத்தான் இருக்கா. நீ என்ன சொல்றே? நீதானே வளர்த்தவ."

ஜயம்மா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பொய் சொல்ல வேண்டும் என்று அவள் நினைக்கவில்லை. வாதாட வேண்டும் என்றும் நினைக்கவில்லை. இந்த வீட்டில் நம்பச் சொன்ன எதையும் அவள் ஒருவரிடமும் திருப்பிச் சொன்னதில்லை. அன்றைக்குச் சொல்லிப் பார்க்கலாம் என்று தோன்றியது.

"நான் சொல்ல என்ன இருக்கு மாமி. அக்கா சொல்லிட்டா."

"எந்த அக்கா?"

"கமலாக்கா. பெண்ணோட அம்மா."

"அவ பரமபதிச்சுப் பத்து வருஷம் ஆச்சுன்னாளே."

"போகலை மாமி. இங்கேதான் இருக்கா. வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை வரா. உங்க பிள்ளைதான் கூப்பிடறார். இந்த மேஜையிலே அவர் கையைப் பிடிச்சுண்டுதான் எழுதறா."

கிழவி டம்ளரைக் கீழே வைத்தாள். மேஜையைப் பார்த்தாள். தன் புடவையை மேஜையின் காலில் படாமல் இழுத்துக்கொண்டாள்.

"பன்னெண்டாம் நாள் சபிண்டீகரணம் பண்ணலையா இவ ஆத்துக்காரன்?"

"பண்ணினார்னுதான் சொன்னா."

"பண்ணினா பித்ருக்களோட சேர்ந்துடுவா. சேர்ந்தவ எப்படி வருவா? வரான்னா சேரலை. சேரலைன்னா அது பிரேதம்." கிழவி எழுந்துவிட்டாள். "பிரேதம் நடமாடற ஆத்துலே சுபகாரியமா? அதோட கையை என் பிள்ளை பிடிச்சிண்டிருக்கானா?"

ஜயம்மா பதில் சொல்லவில்லை. கேட்டதற்கு மட்டும்தான் அவள் பதில் சொல்லிப் பழக்கம். இது அவளைக் கேட்ட கேள்வி இல்லை.

கிழவி குதிரை வண்டி வரும்வரை வாசலிலேயே நின்றாள். குங்குமம் கொடுத்ததை வாங்கிக்கொள்ளவில்லை. பிள்ளை வீட்டுக்குப் போனதும் முதலில் அவரைக் கிணற்றடியில் உட்காரவைத்துத் தலையில் தண்ணீர் கொட்டினாள் என்று அடுத்த வீட்டுச் சமையற்காரர் மூலம் தெருவுக்கே தெரிந்தது. ஈரத் தலையோடு வக்கீல் தாயாருக்கு ஏழு லோகங்களையும் சூட்சும சரீரத்தையும் விளக்கியிருக்கிறார். கிழவி முழுவதும் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாளாம்: எழுதுகிறது அவளா, நீயா? அவளென்றால் அந்த வீட்டுப் பெண் வேண்டாம். நீயென்றால் அதை உன் சிநேகிதர்களிடம் சொல்லிவிட்டு வா, ஐப்பசியிலேயே முகூர்த்தம் வைக்கிறேன்.

மைசூர் கோர்ட்டில் சாட்சிகளை இப்படித்தான் அவர் மடக்குவார். இரண்டு நாள் யோசித்தார். பெண்ணா, சபையா என்று பார்த்தால் சபையில் அவருக்கு மாலை விழுந்துகொண்டிருந்தது, ஆங்கிலப் பத்திரிகையில் அவருடைய கடிதங்கள் வந்துகொண்டிருந்தன. எழுதினது கமலம்மாள்தான் என்று சொல்லிவிட்டார். கல்யாணம் நின்றது.

பராசரன் கச்சேரியிலிருந்து வந்தவர் தலைப்பாகையைக்கூடக் கழற்றாமல் சமையலறை வாசலில் நின்றார்.

"அந்தக் கிழவிகிட்டே என்ன சொன்னே?"

"நீங்க எனக்குச் சொன்னதைத்தான்னா சொன்னேன்."

பராசரன் கோபிக்க ஒரு வார்த்தை தேடினார். அவள் சொன்னதில் அவர் நம்பாத எழுத்து ஒன்றுகூட இல்லை. போய்க் கூடத்தில் உட்கார்ந்துகொண்டார்.

இதற்கு விலை இல்லாமல் இல்லை, அது ஜயம்மாவுக்கு முன்பே தெரியும். பிரேதம் உலவும் வீடு என்று பெயர் விழுந்துவிட்டது. வெற்றிலை பாக்குக்கு வந்துகொண்டிருந்த பெண்டுகள் வாசலோடு நின்றார்கள். வாத்தியார் அந்த வருஷம் கமலம்மாளின் திதிக்கு வர மறுத்தார்: இருக்கிறவளுக்கு எதற்குத் திதி. ஸரஸாவுக்கு வரன் கேட்டு ஒருவரும் வரவில்லை. வராததால் அவள் பள்ளிக்கூடத்துக்குப் போய்க்கொண்டே இருந்தாள். அந்த ஜாதியில் அந்த வயதில் கல்யாணமாகாத பெண்ணைப் பார்த்து ஊர் வாயில் வந்ததைப் பேசியது. கடைசியில், மூன்று வருஷம் கழித்து, பராசரன் ஸ்ரீரங்கபட்டணத்துப் பச்சிமவாகினியில் காவிரிக் கரையில் உட்கார்ந்து, கமலம்மாளுக்கு முன்பு செய்த கர்மத்தை மறுபடி செய்தார். ஊர் வாய்க்காகத்தான், எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை இல்லை என்று திரும்பி வரும்போது ரயிலில் எல்லாரிடமும் சொன்னார். சபை அதற்குள் ஒரு ஓய்வுபெற்ற ஜட்ஜ் வீட்டுக்கு இடம் மாறியிருந்தது. அங்கே மேஜை இன்னும் பெரிது.

பச்சிமவாகினியிலிருந்து வந்த அன்று பிற்பகல், கொல்லையில் ஜயம்மா பெண்ணுக்குத் தலை துவட்டிவிட்டுக்கொண்டிருந்தாள். ஸரஸாவுக்குப் பதினைந்து நடந்துகொண்டிருந்தது. அவள் கேட்டாள், அந்த வெள்ளிக்கிழமைகளில் தான் கதவுக்குப் பின்னால் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தது அம்மாவுக்குத் தெரியுமா என்று. தெரியும் என்றாள் ஜயம்மா.

"நெஜமாவே வந்தாளா, அம்மா? என்னைப் பெத்தவ?"

ஜயம்மா துண்டை உதறினாள். இந்தக் கேள்வியை அவள் மூன்று வருஷமாக எதிர்பார்த்துக்கொண்டிருந்தாள். வந்தாள் என்று சொன்னால் பெண்ணுக்கு ஒரு தாய் கிடைப்பாள், இல்லை என்றால் பறிபோவாள்.

"வந்திருந்தா, உன்னை அந்த மனுஷனுக்குக் குடுன்னு சொல்லியிருப்பாளா?"

ஸரஸா யோசித்தாள். பிறகு, சொல்லியிருக்கமாட்டா என்றாள்.

"அப்ப வரலை," என்றாள் ஜயம்மா. "தலையைக் குனி, பின்னால் இன்னும் ஈரம் இருக்கு."