டைரக்டர் என்றால் ஒருத்தர்தான்

“படம் பிரமாதம் மேடம். ஆனா கடைசில ‘டைரக்டர்’னு உங்க பேரைப் போட்டிருக்கீங்களே, அது சரிப்படாது. எங்க கம்பெனில டைரக்டர்னா ஒருத்தர்தான். அவரே முன்வரிசைல உக்காந்து பார்ப்பாரு. ‘ஏற்பாடு: மகளிர் குழு’ன்னு போட்டுடலாமா?”

சொன்னவர் இருங்காட்டுக்கோட்டைத் தொழிற்சாலை ஒன்றின் எச்.ஆர். மேனேஜர். நான் எந்தக் குழுவிலும் இல்லை. பேரை எடுக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். இந்தத் தொழிலில் படம் எடுப்பது சுலபம். எடுத்தது நாம்தான் என்று ஒப்புக்கொள்ள வைப்பதற்குள் தொண்டைத் தண்ணீர் வற்றிவிடும். குக்கரை இறக்கிவைத்துவிட்டு வேலைக்கு ஓடும் உங்களுக்குத் தெரியாததா?

கான்வென்ட் நாடகத்தில் சிஸ்டர்கள் எனக்குக் கொடுத்த வேஷம், மரம். அந்த மரம்தான் இன்று ஸ்ரீபெரும்புதூரில் காதுகுத்து, கோயில் உற்சவம், சமையல் சேனல், பேய்க் குறும்படம் என்று எதைக் கொடுத்தாலும் எடுக்கிறது. இந்த முறை பாதுகாப்புப் படம். ஹெல்மெட் போடு, மெஷினுக்குள் கையை விடாதே வகையறா.

ஸ்டிக்கர்

முதல் நாள் கேட்டில் என் கேமராப் பெண் ரேவதி, “டைரக்டர் வந்திருக்காங்க” என்றாள். செக்யூரிட்டி விறைப்பாக சல்யூட் அடித்தார். கார் எங்கே என்று எட்டிப் பார்த்தார். ஷேர் ஆட்டோவிலிருந்து இறங்கிய நான்தான் டைரக்டர் என்று தெரிந்ததும், சல்யூட் அடித்த கையாலேயே ஸ்டிக்கரை எடுத்தார். உள்ளே போகும் செல்போன்களின் கேமராவை மூட ஒட்டுவார்களே, அதே ஸ்டிக்கர். எங்கள் கேமராவின் லென்ஸ் மேல் ஒன்றை ஒட்டினார். படம் எடுக்கத்தானய்யா வந்திருக்கிறோம் என்று கத்தினேன். மனுஷர் அசரவில்லை.

“நல்லா எடும்மா, யார் வேணான்னது? ஸ்டிக்கரைப் பிரிக்காம எடு.”

கட்

எச்.ஆர். வந்து ஸ்டிக்கரைப் பிரித்து எங்களை உள்ளே விட்டார். ஓடுகிற லைனில் முதல் ஷாட். தென்காசிப் பக்கத்துப் பெண் ஒருத்தி கையுறை போட்டுக்கொள்ள வேண்டும். அழகாகச் செய்தாள். நான் உற்சாகமாக “கட்!” என்றேன். அவள் சட்டென்று திரும்பிச் சிவப்புப் பட்டனை அமுக்கினாள். மொத்த லைனும் நின்றது. சூப்பர்வைசர் தலையில் கைவைத்துக்கொண்டு ஓடிவந்தார். “மேடம்தான் சார் கட் பண்ணச் சொன்னாவ” என்று அவள் என்னைக் கைகாட்டினாள். இனிமேல் “ஸ்டாப்” என்று சொல்லட்டுமா என்று சூப்பர்வைசரிடம் நல்ல மனசோடுதான் கேட்டேன்.

“ஐயோ, அதுக்கு இதுவே தேவலை. ஷிஃப்ட் முடியிற வரைக்கும் நீ வாயே தொறக்காத மேடம்.”

அடிபட்டவர்

விபத்துக் காட்சியில் அடிபட ஆளே கிடைக்கவில்லை. எல்லாருக்கும் சூப்பர்வைசர் வேஷம்தான் வேண்டும். என் வீட்டுக்காரருக்கு அன்று லீவு. அவரைக் கூட்டிப்போய், தலையில் குங்குமத்தைக் கரைத்து ஊற்றிப் படுக்கவைத்தேன். இயல்பான நடிப்பு, வீட்டிலும் அப்படித்தான் படுத்திருப்பார். ரேவதி அந்தப் போட்டோவை வாட்ஸப் ஸ்டேட்டஸில் வைத்துத் தொலைத்தாள். சாயங்காலத்துக்குள் சொந்தபந்தமெல்லாம் போன் போட்டு அழுதார்கள். மாமியார் மகனைத் தொட்டுத் தடவிப் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

“எத்தினி படம் வேணா எடுத்துக்கோ. எம் புள்ளைய மட்டும் சாவடிக்காத.”

கேன்டீன்

அப்படி எடுத்த படத்துக்குத்தான் மகளிர் குழு என்று பேர் வைக்கப் பார்த்தார்கள். நேற்று கேன்டீனில் திரையிட்டார்கள். கம்பெனி டைரக்டர் முன்வரிசையில் இருந்தார். வீட்டுக்காரர் அடிபட்டதும் சனம் “அய்யய்யோ” என்றது. ஹெல்மெட் காட்சிக்குக் கைதட்டல். என் பேர் வர வேண்டிய நேரத்தில் எச்.ஆர். லேப்டாப்பைப் பட்டென்று மூடினார். திரை நீலமாகிவிட்டது. பின்னாலிருந்து ஒரு குரல் கேட்டது.

“இன்னா சார், யாரு எடுத்த படம்னு போடாமலே மூடிட்ட?”

பேயைக்கூடத் திரைக்குக் கொண்டுவந்துவிட்ட எனக்கு, என் பேரைக் கொண்டுவருவதுதான் பெரும்பாடாக இருக்கிறது.

நேராக முன்னால் போய் மைக்கை எடுத்தேன். “சார், படம் இன்னும் முடியல. கடைசி கார்டு பாக்கி இருக்கு. லேப்டாப்பைத் திறங்க.”

எச்.ஆர். டைரக்டரைப் பார்த்தார். டைரக்டர் டீ கிளாஸைப் பார்த்தார். மைக் என் கையிலேயே இருந்தது.