பட்டயம் கேட்டவளுக்குத் தாமசம்

கழக்கூட்டம் சந்திப்பில் பஸ் நகராமல் நின்றபோது ஷீஜாவின் செய்தி வந்தது: "சார் போயி." ஆய்வு மையத்தில் என்னோடு வேலை செய்தவள் அவள். மலையாளத்தில் அது முடிந்த வாக்கியம். தமிழில் யோசிக்கிற எனக்கு அது 'போய்' என்று பட்டது, மீதி இனிமேல்தான் வரும்போல் இருந்தது. வராது என்று புரியக் கொஞ்ச நேரமாயிற்று.

தாணு சாரை அறிந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். பொருளியல் பேராசிரியர், ஓய்வுக்குப் பின்னும் நிலமில்லாதவர்களைப் பற்றியே பேசினார், எழுதினார். அவருடைய ஆய்வுக்கான தமிழ்ப் பேட்டிகளை எழுதியெடுத்தது நான். உங்கள் அஞ்சலிகளைப் படித்தேன். எதிலும் பொய் இல்லை. ஆனாலும் அவர்மேல் உள்ள கோபத்தை மறைத்துவிட்டு எழுத எனக்கு வரவில்லை.

ஆரியசாலையில் அரிசி மண்டி வைத்திருந்த அவருடைய பள்ளித்தோழர் ஒருநாள் சீண்டினார்: "எல்லாவனுக்கும் எப்பவோ பூமி குடுத்தாச்சு. நீரு இன்னும் எதுக்குவே இதையே கெட்டிட்டு அழுவுதீரு?" சார் சிரித்துக்கொண்டே சொன்னார்: "குடுத்தாச்சுவே. தேயிலைக்கும் குடுத்தாச்சு. தேயில கிள்ளுதவளுக்குத்தான் குடுக்கல்ல." நில உச்சவரம்பிலிருந்து தோட்டங்களுக்கு விலக்குக் கிடைத்ததையும், அங்கே உழைத்தவர்கள் கம்பெனி லயங்களிலேயே நின்றுபோனதையும் இதைவிடச் சுருக்கமாக யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

என் அம்மா பிறந்தது அப்படி ஒரு லயத்தில், ஒரே கூரையின் கீழ் வரிசையாகக் கட்டிய அறைகளில் ஒன்றில். சாலைக் கடைத்தெருவில் ஜவுளிக்கடையில் வேலை பார்த்த அப்பாவைக் கட்டிக்கொண்டு அம்மா மலையிலிருந்து இறங்கினாள். அவளுடைய அக்கா செல்லத்தாய் அங்கேயே கொழுந்து பறித்தாள். தோட்டத் தொழிலாளர்களின் குறைகேட்க அரசுக் குழு ஒன்று நகரத்தில் கூடியபோது சார் என்னிடம், "பெரியம்மாவக் கூட்டிட்டு வா மக்களே. அவங்க தமிழ்ல பேசட்டும், நான் மலையாளத்துல சொல்லிடுதேன்" என்றார். என் பேச்சை நம்பி அவள் பஸ் ஏறினாள்.

மைக்கைப் பார்த்துப் பெரியம்மா பயப்படவில்லை. "எம் புருசனப் பொதைக்க மேனேஜருகிட்டக் கெஞ்சித்தான் எடம் வாங்குனோம். வேல முடிஞ்சா நானும் லயத்தவிட்டு எறங்கணும். நாளைக்கு என்னயப் பொதைக்கிறதுக்காவது எம் பிள்ள யாருகிட்டயும் போய் நிக்கக்கூடாது. கொஞ்சம் மண்ணு வேணும். எம் பேர்ல பட்டயம் வேணும்."

சார் எழுந்து, தெளிவான மலையாளத்தில் குழுவிடம் சொன்னார்: "இவர்க்கு தாமசிக்கான் நல்ல சௌகர்யம் வேணம்."

குடியிருக்க நல்ல வசதி. அவ்வளவுதான். மண்ணும் இல்லை, அதற்கான உரிமைப் பத்திரமான பட்டயமும் இல்லை.

மலையாளத்தில் தாமசம் என்றால் குடியிருப்பு. நமக்கு அது தாமதம். பெரியம்மா சட்டென்று திரும்பினாள். "என்னது, இன்னும் தாமசமா? எங்க அப்பன் காலத்துலருந்து தாமசந்தானய்யா!" கூடம் சிரித்தது. குழுவும் சிரித்தது. அவள் தெரியாமல் கேட்டாளா, தெரிந்தே குத்தினாளா என்று இன்றும் எனக்குத் தெரியாது. சார் சிரிக்கவில்லை.

வெளியே வராந்தாவில் கேட்டேன்.

"சார், பெரியம்மா பட்டயம் கேட்டா."

"காதுல விழுந்துது மக்களே. பட்டயம்னு சொன்னா அந்த நிமிஷமே காத மூடிருவாங்க. தாமசம்னா ஏதாவது கிட்டும், கேட்டியா."

"என்ன கேக்கணும்ங்கிறது அவ பாடு சார். அதச் சொல்றது மட்டுந்தானே உங்க வேல?"

சார் பெரியம்மாவுக்கு டீ வாங்கக் கான்டீனுக்குப் போனார்.

அவர் சொன்னபடி ஏதோ கிட்டத்தான் செய்தது. லயங்களுக்குப் புதுத் தகரக் கூரை போட்டார்கள். நிலம் என்னவாயிற்று என்று பிறகு கேட்டபோது, நீங்கள் வசதிதானே கேட்டீர்கள் என்றார்கள். அடுத்த மழைக்கு முன் பெரியம்மாவின் வேலை முடிந்தது. கூரை அங்கேயே இருக்க, அவள் இறங்கினாள். இப்போது கழக்கூட்டத்தில், கட்டட வேலை செய்யும் மகனின் வாடகை அறையில் இருக்கிறாள்.

நிலத்தைப் பற்றி ஒன்றும் தெரியாத ஒருவர் அதைச் செய்திருந்தால் மறந்திருப்பேன். அந்தச் சொல்லின் எடை தெரிந்த ஒரே மனிதர் அவர்தான் என்று நம்பித்தான் பெரியம்மாவை அவர் கையில் ஒப்படைத்தேன். அவர் அவளுக்கு நல்லது நினைத்தார். நினைத்துக்கொண்டே அவள் வாயிலிருந்த சொல்லை எடுத்துவிட்டார்.

தகனம் முடிந்து, பெரியம்மாவிடம் சொல்லப் போனேன். வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"அய்யய்யோ, நல்ல மனுசன்லா! எங்க வச்சு எரிச்சாங்க?"

"இங்கத்த வழக்கப்படி, அவர் வீட்டுக் கொல்லையிலயே. தெக்குப் பக்கம், மாமரத்துக்கிட்ட."

"சொந்த மண்ணா?"

"ஆமா பெரியம்மா."

கை நின்றது. "குடுத்து வச்சவரு" என்றாள். குத்தல் எதுவும் அதில் இல்லை.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொள்வது கோபத்தை. நிலமில்லாமல் ஒருவர் சாவது விதியல்ல, யாரோ எடுத்த முடிவு என்று கோபப்பட எனக்குத் தெரிந்ததே அவரால்தான். அந்தக் கோபத்தில் ஒரு பங்கு இனி அவருக்கும் உண்டு. அடுத்த முறை பெரியம்மா பேசும்போது பக்கத்தில் நான் நிற்பேன். அவள் பட்டயம் என்றால், பட்டயம் என்றே சொல்வேன்.