பூட்டை இரண்டு தரம் இழுத்துப் பார்த்தவர்

பல்லரோச் சந்தையில் கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டு நின்றபோதுதான் செய்தி வந்தது. ஆர்க்காதியின் மகள் லீதியா என்னைத் தேடி அங்கேயே வந்திருந்தார். அப்பா விடியற்காலையில் இறந்துபோனார் என்றார். கையிலிருந்த காயை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றேன்.

இங்கே பலெர்மோவில் நம் தமிழர் போட்ட நாடகத்தைப் பார்த்தவர்கள் ஆர்க்காதியை 'ரஷ்ய ஐயா' என்றுதான் அறிவீர்கள். அவருடைய நாட்டிலும் கதை அதேதான். வாழ்நாளெல்லாம் சினிமாவில் நடித்தவர். பெயர் தெரிந்தவர்கள் சிலரே. தபால்காரன், தளபதி, முடிச்சவிழ்க்கி, பாதிரியார் என்று அவர் போடாத வேஷம் இல்லை. டிராமில் ஏறினால், "நாம் ஒரே தொழிற்சாலையில் வேலை செய்தோமா?" என்று கேட்பார்களாம். அதை அவர் பெரிய விருதாக எண்ணினார். "கதாநாயகனுக்கு ஒரு முகம் போதும். எனக்கு ஊரிலுள்ள எல்லா முகமும் வேண்டும்" என்பார்.

சோவியத் நாடு உடைந்து படப்பிடிப்புகள் நின்றுபோக, சிசிலிக்காரரை மணந்திருந்த லீதியா அவரை இங்கே அழைத்துக்கொண்டார். அந்த வீட்டில் சமைத்து, துடைத்து, அவரையும் பார்த்துக்கொள்வது என் வேலை. முதல் வாரமே மனிதர் மேல் எனக்குக் கோபம் வந்தது. தரை துடைப்பதை ஒருவர் கதிரையில் இருந்துகொண்டு கண்கொட்டாமல் பார்த்தால் யாருக்குத்தான் வராது? ஒருநாள் சமையலறைக்குள் போனால், அங்கே நான் நிற்கிறேன்: இடுப்பில் கை, சரிந்த தலை, ஈரத்துணியை உதறும் அதே எரிச்சல். பிறகு ஆர்க்காதி துணியை என்னிடம் நீட்டி, "இரவல் வாங்கினேன், திருப்பித் தந்துவிட்டேன்" என்றார். யாரிடம் எதை எடுத்தாலும் நடித்து முடித்ததும் மனதுக்குள் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்பது அவர் தொழில் வழக்கம். எங்களுக்கிடையில் இருந்தது அரைகுறை இத்தாலியப் பேச்சுத்தான். அது போதுமாயிருந்தது.

யாழ்ப்பாணத்திலிருந்து சனம் இடம்பெயர்ந்தபோது என் தந்தை வீட்டை விட்டு வர மறுத்துவிட்டார். பிறகு அவர் இறந்த செய்திதான் வந்தது. என் பெர்மெஸ்ஸோ அப்போது குவெஸ்தூரா என்னும் போலீஸ் தலைமையகத்தில் கிடந்தது. அந்த வதிவிட அனுமதி கையில் இல்லாமல் நாட்டைவிட்டுப் போனால் திரும்பி வர முடியாது. தகப்பனுக்குக் கொள்ளி வைக்காத மகனாக இங்கே தரை துடைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த வருடச் சரஸ்வதி பூசைக்கு நாம் போட்ட நாடகம், வீட்டைப் பூட்டிவிட்டுப் புறப்படும் ஒரு குடும்பத்தைப் பற்றியது. மகன் வேஷம் எனக்கு. தகப்பனாக நடிக்க இருந்தவருக்கு அவர் வேலை செய்த வீட்டுச் சிஞ்ஞோரா லீவு கொடுக்கவில்லை. வசனமில்லாத வேஷம் என்று அறிந்து ஆர்க்காதி தானே கேட்டு வாங்கிக்கொண்டார். வெள்ளைக்காரன் வேட்டி கட்டினால் தமிழனா என்று நம்மவர் சிலர் நக்கலடித்தது உங்களுக்கு நினைவிருக்கும்.

உன் அப்பா எப்படிப் பூட்டுவார் என்று ஆர்க்காதி என்னிடம் கேட்டார். இரண்டு தரம் இழுத்துப் பார்ப்பார், சால்வையைத் தோள் மாற்றுவார், போகும்போது ஒருமுறை திரும்பிப் பார்ப்பார் என்று செய்து காட்டினேன். "முகம் கடைசியில் வரட்டும். கையை இன்னொரு முறை காட்டு" என்றார்.

மேடையில் அவர் பூட்டை இழுத்தார். சால்வையை மாற்றினார். திரும்பிப் பார்த்தார். பிறகு என் தந்தை செய்யாததைச் செய்தார்: வீட்டை விட்டு என்னிடம் நடந்து வந்தார். முன்வரிசையில் இருந்த என் மனைவி, மாமனார் முன் ஒருநாளும் கதிரையில் இருந்தறியாதவள், சட்டென்று எழுந்து நின்றாள். நாடகம் முடியும்வரை அவள் திரும்பக் கதிரையில் இருக்கவில்லை. நான் அழுததை எல்லோரும் நடிப்பென்று பாராட்டினார்கள்.

"மாமா வாறார் எண்டுதான் நினைச்சன். இருக்க மனம் வரேல்லை" என்றாள் பிறகு.

சால்வையை மடித்துத் தந்த ஆர்க்காதி, உன் அப்பாவை மட்டும் திருப்பித் தர மனமில்லை, கொஞ்சக் காலம் வைத்திருக்கட்டுமா என்று கேட்டார். ஓம் என்று தலையாட்டினேன். அன்றிலிருந்து, வுச்சீரியாச் சந்தைக்குப் போக நாங்கள் வெளிக்கிடும்போதெல்லாம், நான் பூட்டிய கதவை அவர் இரண்டு தரம் இழுத்துப் பார்த்தார். நாள்தோறும் என் தந்தையைக் கண்டேன்.

அடக்கம் முடிந்தபின் லீதியா திறப்பை என்னிடம் தந்து, வீட்டைப் பூட்டிவிட்டு வரச் சொன்னார். பூட்டினேன். என் கை தானாக இரண்டு தரம் இழுத்துப் பார்த்தது. அதுவரை அந்தப் பழக்கம் எனக்கு இருந்ததில்லை. அப்பாவிடமிருந்து ஆர்க்காதி வாங்கியது இப்போது என்னிடம் வந்திருக்கிறது. திருப்பிக் கொடுக்க இருவரில் ஒருவரும் இல்லை. நானே வைத்துக்கொள்கிறேன்.