அண்ணாவும் அந்தப் பெட்டிக் காட்சியும்

எங்கள் அண்ணா ஜேர்மனியின் ஸ்ருட்கார்ட் நகரில், யாழ்ப்பாணத்திலிருந்து அகதிகளாக வந்த பெற்றோருக்கு மூத்த மகனாகப் பிறந்தார். அவர் பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய பிறகே குடும்பம் சுவிஸுக்கு வந்து வின்டர்தூரில் குடியேறியது.

வங்கி வேலைக்குப் படிக்கும்படி அப்பா சொன்னார். அண்ணா தலையை ஆட்டிவிட்டு, பேர்லினில் ஒரு நடிப்புப் பள்ளிக்கு விண்ணப்பித்தார். முதல் முறை எடுக்கவில்லை. அடுத்த ஆண்டும் போய் நின்றார். எடுத்துக்கொண்டார்கள்.

மேடை, தொலைக்காட்சி, சினிமா என்று ஜேர்மனியில் பல ஆண்டுகள் நடித்தார். கிடைத்த வேடங்களோ உணவகத்தில் கோப்பை கழுவுபவர், வாடகைக்கார் ஓட்டுநர், திருப்பி அனுப்பப்படும் அகதி. பெரும்பாலும் பாத்திரத்துக்குப் பெயரே இருக்காது. ஒரு படத்தில் ஜேர்மன் மொழியை உடைத்துப் பேசச் சொன்னார்களாம். அது தனக்கு வராது, பழக அவகாசம் வேண்டும் என்றாராம் அண்ணா. அம்மாவும் விடமாட்டார். "அப்பா செய்த கோப்பைக் கழுவலைத்தானே நீயும் செய்யிறாய்? அதுக்கேன் இவ்வளவு படிப்பு?" என்பார்.

அந்தக் கேலி அண்ணாவைச் சுட்டிருக்க வேண்டும். அவரே எழுதத் தொடங்கினார். குறும்படங்கள் இயக்கிக் கையைப் பழக்கிக்கொண்டு, வின்டர்தூருக்குத் திரும்பி வந்து முழுநீளப் படம் ஒன்றில் இறங்கினார். அதில் வரும் ஒவ்வொரு தமிழருக்கும் பெயர் இருந்தது. உறவினர்களையே நடிக்க வைத்தார்.

படத்தின் முக்கிய காட்சி ஒரு செத்தவீடு. மண்டபம் எடுத்தாயிற்று, வெள்ளைச் சேலைகள் வந்தாயிற்று. பிணமாகச் சவப்பெட்டிக்குள் படுக்கத்தான் ஆள் இல்லை. அபசகுனம் என்று அத்தனை பேரும் பின்வாங்கினார்கள். அண்ணா தானே ஏறிப் படுத்துக்கொண்டார். கண்ணை மூடியபடியே, "அன்ரி, இன்னும் கொஞ்சம் கிட்ட வாங்கோ" என்று இயக்கினார். இறந்தவரின் தாயாக நடிக்க வந்திருந்த அம்மா, "சீவனோட இருக்கிற பிள்ளை பெட்டிக்குள்ள படுக்கிறதோ!" என்று கத்திவிட்டு வெளியே போய்விட்டார்.

சில மாதங்களில் அண்ணாவுக்குப் புற்றுநோய் என்று தெரிய வந்தது. பெட்டியில் படுத்ததால் வந்த வினை என்று தொலைபேசிகள் அலறின. அம்மாவும் அதை நம்பினார். காட்சியை வெட்டி எறியும்படி அழுது கேட்டார்.

"வருத்தம் பெட்டியால வரேல்லை அம்மா. டொக்டரிட்டைக் கேளுங்கோ. அந்தக் காட்சி இல்லாட்டி படமே இல்லை" என்றார் அண்ணா. எனக்கு அவர்மீது கோபமும் வந்தது, பெருமையும் வந்தது.

மருத்துவம் பலிக்கவில்லை. அண்ணா கட்டிலில் இருந்தபடியே படத்தொகுப்பு வேலையைச் செய்தார். ஒரு காலை அம்மா அருகில் வந்து உட்கார்ந்தார்.

"நான் நிக்காமல் போனது படத்துக்குக் குறையோ?"

"ஓம் அம்மா. தாய் இல்லாத செத்தவீடு மாதிரிக் கிடக்கு."

"அப்ப திருப்பி எடு. ஆனால் நீ பெட்டிக்குள்ள படுக்கக்கூடாது. வெளியில, என்ரை கண்ணுக்கு முன்னால இரு."

அதே மண்டபத்தில், வெறும் பெட்டியை மூடி வைத்தோம். அண்ணா சக்கர நாற்காலியில் கமராவுக்குப் பக்கத்தில் இருந்தார். அம்மா பெட்டியைப் பார்க்காமல் அவரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"அம்மா, கொஞ்சம் அழுங்கோ."

"நீ இருக்கேக்க நான் ஏன் அழவேணும்? மாட்டன்!"

தமிழ் தெரியாத ஒளிப்பதிவாளர் கமராவை நிறுத்தவில்லை. மற்றொரு முறை எடுக்கலாமா என்று அவர் கேட்டபோது, அண்ணா வேண்டாம் என்றார். அம்மாவின் குரலோடு அப்படியே அது படத்தில் இருக்கிறது.

ஒலிச் சேர்ப்பும் முடிந்து, முழுப் படத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டு, அந்த வாரமே அண்ணா எங்களைப் பிரிந்தார்.

அவரைக் கண்ணுக்குள் வைத்துப் பார்த்த மருத்துவர்களுக்கும் தாதியருக்கும், பேர்லினிலிருந்து வந்து தோள்கொடுத்த நடிகர்களுக்கும், படப்பிடிப்புக் குழு முழுவதற்கும் இடியப்பமும் சொதியும் சமைத்துப் போட்ட, லுசேர்ணில் இருக்கும் மாமாவுக்கும், இறுதிக் கிரியைகளில் கூட நின்ற அனைவருக்கும் எங்கள் குடும்பத்தின் நெஞ்சார்ந்த நன்றி. பெட்டியைக் குறை சொன்ன உறவுகளுக்கும் நன்றி. நீங்களும் படத்தில் இருக்கிறீர்கள், உங்கள் பெயர்களோடு. படம் திரையிடப்படும்போது கட்டாயம் வாருங்கள். அண்ணா தன் வேலையை முடித்துவிட்டுத்தான் போனார். இனிப் பார்ப்பது எங்கள் வேலை.

அன்புத் தங்கை,
வின்டர்தூர்