திரும்பிப் போன கோடி

எங்கள் விளை திற்பரப்புக்குப் போகும் வழியில் இருந்தது. கொஞ்சம் தென்னை, இரண்டு பலா, மிச்சமெல்லாம் மரச்சீனிக் கிழங்கு. அப்பா காய்ச்சலில் போன பிறகு அதைக் கொத்திக் கிளைத்துத்தான் அம்மை எங்களை வளர்த்தாள். நெல்லுச்சோறு விசேஷத்துக்கு மட்டும். பிற்பாடு நான் சுற்றிய ஊர்களில் அதைவிட மோசமாகவும் சாப்பிட்டிருக்கிறேன்.

அந்த விளையை அப்பா முன்பே தனக்கு விற்றுவிட்டதாக மார்த்தாண்டத்து முதலாளி ஒருவர் கிரயப் பத்திரத்தோடு வழக்குப் போட்டார். பத்திரமே பொய் என்றாள் அம்மை. மெய்யாகவே இருந்தாலும், பன்னிரண்டு வருஷத்துக்கு மேல் யாரும் கேட்காமல் சொந்தமாக ஆண்ட மண் சட்டப்படி எங்களுக்குத்தான் என்றார் எங்கள் வக்கீல். சொந்தமாக எங்கே ஆண்டார்கள், என் மண்ணைப் பாட்டத்துக்குப் பயிரிடும் குடியான்களாக அல்லவா இருந்தார்கள் என்றார் முதலாளி. அந்தப் பேச்சு கோர்ட்டில் நின்றால் நாங்கள் தெருவில்.

அந்த ஓணத்துக்கு முந்தின நாள் முதலாளியின் காரியஸ்தர் துணிமூட்டையோடு வந்தார். ஓணத்துக்குக் குடியான்கள் வாழைக்குலை கொண்டுபோய் வைப்பதும், முதலாளி அவர்களுக்குக் கோடித்துணி கொடுப்பதும் எங்கள் பக்கத்து வழக்கம். எங்கள் வீட்டுக்குக் கோடி வந்தது அதுதான் முதல் தடவை. மூட்டையில் எனக்கென்று கரை வைத்த சின்ன முண்டு ஒன்று இருந்தது. பசை மணம் போகாத புதுசு. என் இடுப்பில் இருந்த துண்டோ பின்பக்கம் கிழிந்தது. பள்ளிக்கூடம் போன கொஞ்ச நாளும் சுவரோரமாகவே நடந்தவன் நான்.

"ஓணமுல்லா வருது. முதலாளி பிள்ளையளுக்குன்னு குடுத்தனுப்பினாரு."

"கஞ்சி இருக்கு, குடிச்சிட்டுப் போங்க அண்ணாச்சி. துணிய மட்டும் கொண்டுபோயிருங்க."

"பயலப் பாரும்மா. பின்னால காத்துல்லா அடிக்கு."

"அடிக்கட்டும். எங்க விளைக் காத்துதானே."

அவர் சிரித்துவிட்டார். கஞ்சியும் குடித்தார். முண்டு மூட்டைக்குள் போயிற்று. நான் அழுதுகொண்டே படலை வாசல்வரை அதன் பின்னால் போனேன்.

"அழாதல மக்கா. ஒனக்க அம்மையிட்ட எங்க வக்கீலே தோத்துருவான் போல" என்று சொல்லிவிட்டு அவர் நடந்தார். அம்மை என்னைத் தேற்றவில்லை. மரச்சீனி பிடுங்கப் போய்விட்டாள்.

மழை வெறித்ததும் குழித்துறைக் கோர்ட்டில் விசாரணை வந்தது. அம்மை என்னை நடத்தியே கூட்டிப்போனாள். பக்கத்து வீட்டுக்காரி தன் மகனின் முண்டைத் தர வந்தாள். அம்மை வேண்டாம் என்றாள். அதே துண்டுதான்.

காரியஸ்தர் கூண்டில் ஏறி, நாங்கள் குடியான்கள்தான் என்றார். எங்கள் வக்கீல் ஒன்றுதான் கேட்டார்: இவர்கள் என்றைக்காவது குலை வைத்ததுண்டா, கோடி வாங்கியதுண்டா?

காரியஸ்தர் என்னைப் பார்த்தார். என் துண்டைப் பார்த்தார்.

"கொண்டுபோனேன் எஜமானே. வாங்கல்ல. கஞ்சி தந்து அனுப்பிட்டாவ."

கோர்ட்டே சிரித்தது. விளை எங்களுக்கே ஆயிற்று.

யார் கொடுத்த துணியையும் யோசிக்காமல் கட்டிக்கொண்டு நான் பல ஊர் சுற்றியிருக்கிறேன். அம்மையின் நெஞ்சுறுதி எனக்கு வாய்க்கவில்லை. அன்று கோர்ட்டிலோ எனக்கு ஒன்றுமே புரியவில்லை. இத்தனை பேர் பார்க்கிறார்களே என்று கிழிசலைக் கையால் மூடிக்கொண்டு நின்றேன். மூட மூட அம்மை என் கையை எடுத்துவிட்டுக்கொண்டே இருந்தாள். எதற்கு இவள் சபையில் வைத்து என் மானத்தை வாங்குகிறாள் என்றுதான் நினைத்தேன்.