மண்டோருக்குப் பிடித்த பெயர்

மலேசியாவின் கமுந்திங்கில் நான் லாரியில் அட்டைப்பெட்டி கொண்டுபோய் இறக்கும் தொழிற்சாலையில், வங்காளதேசத் தொழிலாளர்களை மேய்ப்பவரை எல்லோரும் மண்டோர் என்றுதான் கூப்பிடுவார்கள். அந்தக் காலத்து ரப்பர் தோட்டக் கங்காணிக்கு இருந்த பட்டம் அது; தோட்டம் போயும் பட்டம் போகவில்லை. தொப்பையும் வாய் நிறையச் சிரிப்புமாக இருப்பார். மேசைச் சாவியால் காது குடைவார், நுனியைப் பார்ப்பார், காற்சட்டையில் துடைப்பார். அந்த மேசைக்குள்தான் தொழிலாளர்களுடைய பாஸ்போர்ட்டுகள் பூட்டிக் கிடந்தன.

ஒரு நாள் அமீன் என்ற தொழிலாளி வந்து நின்றான். அப்பா இறந்துவிட்டார், ஊருக்குப் போகப் பாஸ்போர்ட் வேண்டும் என்று அரைகுறை மலாயில் சொன்னான். மண்டோர் என் பக்கம் திரும்பினார்.

"இவன் பேருக்கு அர்த்தம் தெரியுமாண்ணே? இவனே ஒரு நாள் சொன்னான். அந்தக் காலத்துல அரபு நாட்டுல வெளியூர் போறவங்க, பொருளையெல்லாம் நம்பிக்கையான ஒருத்தர்கிட்ட குடுத்துட்டுப் போவாங்களாம். அவரைத்தான் அமீன்னு சொல்வாங்களாம்."

தமிழ் புரியாத அமீன், தன் பெயர் காதில் விழுந்ததும் ஆசையாக நிமிர்ந்து பார்த்தான்.

"அவன் கேக்கிறதக் குடுத்துருங்க" என்றேன்.

"கான்ட்ராக் முடியட்டும்லா. எல்லாத்தையும் பத்திரமாத்தானே வச்சிருக்கேன்? பார்க்கப்போனா நான்தான் அமீன்."

சிரித்துக்கொண்டே சாவியைக் காதுக்குள் விட்டார்.

எவ்வளவு நல்ல பெயர். இப்போது யார் அதைச் சொன்னாலும், அந்தச் சாவி நுனியில் ஒட்டியிருந்த மஞ்சள் அழுக்குதான் என் கண்முன் வருகிறது.